எதிராளி வசனம்

சீரியலில் உதவி இயக்குநராகச் சேர்ந்த புதிதில் எனக்குக் கொடுத்த வேலை வசனம் படிப்பது. கேமராவுக்குப் பக்கத்தில், லைட் ஸ்டாண்டுக்கும் சுவருக்கும் நடுவில் கிடைக்கிற ஒரு முழ இடத்தில் குந்திக்கொண்டு, பேடில் செருகியிருக்கும் சீன் பேப்பரைப் பார்த்து ஒவ்வொரு வரியாகச் சொல்ல வேண்டும். நடிகர் அதைக் காதில் வாங்கித் திருப்பிச் சொல்வார். ப்ராம்ப்ட் என்று பெயர். ஏற்ற இறக்கம் இல்லாமல் சொல்ல வேண்டும் என்பதுதான் முதல் நாள் பாடம். நான் அழுகிற மாதிரிப் படித்தால் நடிகர் என் அழுகையைப் பிடித்துக்கொள்வார். என் குரலும் சேர்ந்துதான் பதிவாகும். அதைப் பற்றி யாரும் கவலைப்படுவதில்லை. எப்படியும் பின்னால் டப்பிங்கில் எல்லாரும் வந்து புதிதாகப் பேசிக்கொள்வார்கள்.

இது 2006. வளசரவாக்கத்தில் ஒரு வாடகை பங்களா. வளைந்து இறங்கும் மாடிப்படி, பெரிய ஹால், ஓரத்தில் பூஜையறை. இந்த வாரம் எங்கள் கம்பெனி, அடுத்த வாரம் வேறு கம்பெனி. சோபா உறையும் திரைச்சீலையும் மாறும், வீடு அதே வீடுதான். ஒரு நாளைக்கு ஒரு எபிசோடாவது முடித்தாக வேண்டும் என்பதால் காலை இட்லியைக் கையில் வைத்துக்கொண்டே முதல் ஷாட்டுக்கு லைட்டிங் பார்ப்பார்கள்.

மூன்றாம் நாள் கதாநாயகியின் அப்பாவுக்குக் காட்சி. நடித்தவருக்கு அப்போது அறுபதைத் தாண்டியிருந்தது. அவர் பெயரை இங்கே எழுதவில்லை, அவருக்கு அது பிடிக்காது. யூனிட்டில் எல்லாரும் கூப்பிட்டபடி அப்பா சார் என்றே சொல்கிறேன். நான் வழக்கம்போலக் குந்தி முதல் வரியைச் சொன்னேன். அவர் கையை லேசாக உயர்த்தினார்.

"எனக்கு வேண்டாம் தம்பி. பாடம் ஆயிடுச்சு."

ஒன்றரைப் பக்க வசனம். ஒரே டேக்கில் முடித்தார். சீரியலில் மனப்பாடம் செய்துகொண்டு வருகிறவரை நான் அன்றைக்குத்தான் பார்த்தேன். ஆனால் நான் சொல்ல வந்தது அதைப் பற்றி இல்லை. சாயங்காலம் நடந்ததைப் பற்றி.

சீரியலில் ரியாக்‌ஷன் எடுப்பது தனி வேலை. ஹாலில் பெரிய சண்டை என்றால் எட்டு ஒன்பது பேர் நிற்பார்கள். பேசுகிறவர்கள் இரண்டு மூன்று பேர்தான். அவர்கள் பகுதியை முதலில் எடுத்து அனுப்பிவிடுவார்கள், கதாநாயகிக்கு வேறு இடத்தில் கால்ஷீட் இருக்கும். மீதிப் பேரை வரிசையாக நிறுத்தி ஆளுக்கு ஒரு க்ளோஸ்-அப். எதிரே பேசுகிற ஆள் கிடையாது. லுக், அதாவது கண் பார்க்கிற திசை, தப்பாமல் இருக்க ஓர் உதவி இயக்குநர் கையைத் தூக்கிக்கொண்டு நிற்பான், அவன் விரலைப் பார்க்க வேண்டும். "சார், அதிர்ச்சி… ஓகே. கோபம்… ஓகே. அப்படியே திரும்பி மருமகளைப் பாருங்க… ஓகே." எடிட்டிங்கில் எங்கே எது வேண்டுமோ அங்கே ஒட்டிக்கொள்வார்கள்.

அப்பா சார் முறை வந்தது. "சார், ஒரு அதிர்ச்சி."

"எந்த வசனத்துக்கு?"

"பொதுவா ஒண்ணு குடுங்க சார், போதும்."

"பொதுவா அதிர்ச்சி எனக்கு வராதுங்க. அந்தப் பொண்ணு பேசினதை ஒரு தடவை படிக்கச் சொல்லுங்க." என் பக்கம் திரும்பினார். "எதிராளி வசனத்தைப் படி தம்பி."

காலையில் தன் வசனத்தைப் படிக்க வேண்டாம் என்றவர், சாயங்காலம் தனக்கு வாயே இல்லாத ஷாட்டுக்கு என்னைப் படிக்கச் சொல்கிறார். படித்தேன். "அந்த வீட்டுப் பத்திரத்தை நான்தாம்பா அடகு வெச்சேன்." அவ்வளவுதான் வரி. நான் மானிட்டரைப் பார்க்கவில்லை, அவர் முகத்துக்கு நாலடி தூரத்தில் இருந்தேன். 'பத்திரம்' என்ற சொல்லுக்கு அந்த முகத்தில் ஒன்றுமே நடக்கவில்லை. 'நான்தாம்பா' என்றபோது கீழுதடு கொஞ்சம் உள்ளே போனது. கை மூக்குக்கண்ணாடிவரை வந்து, அதைக் கழற்றாமல் அப்படியே இறங்கிவிட்டது. வீடு போனது அந்த அப்பாவுக்குப் பெரிதில்லை. மகள் செய்தாள் என்பதுதான் குத்துகிறது. எழுதியவர் யோசித்தாரோ இல்லையோ, அந்த ஒரு சொல்லில் காட்சி எங்கே இருக்கிறது என்று அவர் கண்டுபிடித்துவிட்டார். உணர்ச்சியே இல்லாத என் குரலைக் கேட்டு.

அன்றிலிருந்து எனக்கு நடிப்பைப் பார்க்கிற கண் மாறிவிட்டது. படத்தில் யார் பேசுகிறாரோ அவரைப் பார்ப்பதை விட்டுவிட்டு, யார் கேட்டுக்கொண்டிருக்கிறாரோ அவரைப் பார்க்க ஆரம்பித்தேன். இருபது வருஷமாக அப்படித்தான் பார்க்கிறேன். குணச்சித்திர நடிகரின் தொழில் என்னவென்று கேட்டால் என்னிடம் இருக்கிற பதில் இது ஒன்றுதான்: அவர் கேட்கிறவர். எதிரே நிற்பவர் சொல்வது உண்மை என்று நமக்கு நம்பிக்கை வருவது, இவர் அதைக் கேட்கிற விதத்தில்.

பெயரிலேயே ஒரு குழப்பம் இருக்கிறது. கோடம்பாக்கத்தில் 'துணை நடிகர்' என்றால் கூட்டத்தில் நிற்கும் ஜூனியர் ஆர்ட்டிஸ்ட். ஏஜென்ட் வேனில் அழைத்து வருவார், அழைத்துப் போவார். தேசிய விருதுச் செய்தியிலோ 'சிறந்த துணை நடிகர்' என்று போடுகிறார்கள். அதனால் 'குணச்சித்திர நடிகர்' என்ற சொல்தான் எனக்குப் பிடிக்கும், பழைய பத்திரிகை வாடை அடித்தாலும். செட்டில் யாரும் அப்படிச் சொல்ல மாட்டார்கள். அங்கே கேரக்டர் ஆர்ட்டிஸ்ட்.

கேட்பதைப் பற்றிப் பேசினால் 'காதலிக்க நேரமில்லை'யைத் தாண்டிப் போக முடியாது. 1964, ஶ்ரீதர் படம். நாகேஷ் தன் அப்பாவுக்குப் பேய்க்கதை சொல்லும் காட்சியைத் தெரியாதவர்கள் தமிழ்நாட்டில் குறைவு. நாகேஷ் காட்சி என்றுதான் நாம் அதைச் சொல்லிப் பழகியிருக்கிறோம். நாகேஷ் அதில் செய்வது லேசான காரியம் இல்லை, கதவுச் சத்தத்தையும் காலடிச் சத்தத்தையும் வாயாலேயே கொண்டுவருகிறார். ஆனால் அடுத்த தடவை டிவியில் போடும்போது நாகேஷைக் கையால் மறைத்துக்கொண்டு டி.எஸ்.பாலையாவை மட்டும் பாருங்கள். கதை அங்கேதான் நடக்கிறது. எஸ்டேட் முதலாளி, மகனை உருப்படாதவன் என்று நினைப்பவர், 'சரி சொல்லு, கேட்டுத் தொலைக்கிறேன்' என்கிற அலட்சியத்தோடுதான் உட்காருகிறார். அந்த அலட்சியம் இல்லாவிட்டால் பின்னால் வரும் பயத்துக்கு மதிப்பே கிடையாது. கொஞ்சம் கொஞ்சமாகக் கதை அவர் உடம்புக்குள் ஏறுகிறது. கண் ஓரமாகப் போகிறது. தோள் சுருங்குகிறது. நாம் நாகேஷைக் கேட்டுச் சிரிப்பதாக நினைக்கிறோம், உண்மையில் பாலையாவைப் பார்த்துத்தான் சிரிக்கிறோம்.

நான்கு வருஷம் கழித்து 'தில்லானா மோகனாம்பாள்' படத்தில் அதே பாலையா தவில் வித்துவான் முத்துராக்கு. நாதஸ்வரம் சிவாஜி. பக்கவாத்தியக்காரராகவே வேஷம். தவில்காரர் நாதஸ்வரத்தின் முகத்தைப் பார்த்துக்கொண்டே வாசிக்க வேண்டும். இந்தத் தொழிலுக்கு இதைவிடப் பொருத்தமான வேஷம் கிடையாது.

துணை நடிகருக்கான தேசிய விருது 1984ஆம் வருஷப் படங்களுக்குத்தான் முதன்முதலில் கொடுத்தார்கள். பாலையா 1972லேயே போய்விட்டார். நாகேஷுக்கு 'நம்மவர்' படத்துக்காக அது கிடைத்தது, மகளை இழந்த தகப்பன் வேஷம். அதே 1994இல்தான் 'மகளிர் மட்டும்' படத்தில் பிணமாகவும் நடித்தார். வாய் இல்லை, கண் இல்லை, கேட்கவும் முடியாது. எதிரே மூன்று பெண்கள் என்னென்னவோ செய்கிறார்கள், இவர் உடம்பு எந்தப் பக்கம் சாய வேண்டுமோ அந்தப் பக்கம் சாய்கிறது. வாழ்நாள் முழுக்க எதிராளியைக் கவனித்த உடம்புக்குத்தான் அது வரும் என்று நினைக்கிறேன்.

அப்பா சாருக்கு வருவோம். அவர் அரசு வங்கி ஒன்றில் பாரிமுனைக் கிளையில் வேலை பார்த்தவர். நாள் முழுக்கக் கவுன்ட்டர், ஆறு மணிக்கு மேல் நாடகம். வாணி மகால், நாரத கான சபா, ராணி சீதை ஹால் என்று எழுபதுகளிலும் எண்பதுகளிலும் சென்னையில் சபா நாடகம் கொடிகட்டிப் பறந்த காலம். அப்போது மேடையில் இருந்தவர்களில் பாதிப் பேர் பகலில் ஏதோ ஓர் ஆபீஸில் ஃபைல் பார்த்தவர்கள்தான். 2000-01இல் அரசு வங்கிகளில் விருப்ப ஓய்வுத் திட்டம் வந்தது. அப்பா சாரும் எழுதிக்கொடுத்துவிட்டார். அதே நேரத்தில்தான் டிவியில் தினசரித் தொடர்கள் வீட்டுக்கு வீடு பரவிக்கொண்டிருந்தன. 1999இல் 'சித்தி', 2002இல் 'மெட்டி ஒலி'. ஒவ்வொரு சீரியலுக்கும் இரண்டு அப்பா, இரண்டு மாமனார், ஒரு வக்கீல், ஒரு குடும்ப டாக்டர் வேண்டும். சபாக்களில் பயிற்சி எடுத்த ஒரு தலைமுறையே சாலிகிராமத்துக்கும் வளசரவாக்கத்துக்கும் ஆட்டோ பிடித்தது. இந்த இரண்டும் ஒரே சமயத்தில் நடந்திருக்காவிட்டால் தமிழ் சீரியல் அப்பாக்கள் எப்படி இருந்திருப்பார்கள் என்று நான் அடிக்கடி யோசிப்பதுண்டு. 'மெட்டி ஒலி'யில் ஐந்து பெண்களைப் பெற்ற சிதம்பரமாக டெல்லி குமார் ஒரு வாசலில் நின்ற விதத்தை, சீரியல்களைக் கேலி செய்கிறவர்கள் ஒருமுறை பார்க்க வேண்டும்.

டெல்லி என்றதும் இன்னொருவர் ஞாபகம் வந்துவிடுகிறது. 2024 நவம்பரில் டெல்லி கணேஷ் தூக்கத்திலேயே போய்விட்டார் என்று காலையில் செய்தி வந்தபோது நான் போரூர் சிக்னலில் நின்றிருந்தேன். ராமாபுரம் அங்கிருந்து பக்கம். எனக்கு அவரோடு நேர்ப்பழக்கம் எதுவும் கிடையாது. ஆனாலும் வண்டியை ஓரங்கட்டிக் கொஞ்ச நேரம் நின்றேன். 80 வயது. 400 படங்களுக்கு மேல்.

வல்லநாட்டுக்காரர். 1964இலிருந்து பத்து வருஷம் விமானப்படை. டெல்லியில் இருந்தபோது அங்கிருந்த தட்சிண பாரத நாடக சபாவில் நடித்தார். பெயருக்கு முன்னால் ஊர் ஒட்டிக்கொண்டது அப்படித்தான். பிறகு சென்னை, காத்தாடி ராமமூர்த்தியின் குழு. விசுவின் 'பட்டினப் பிரவேசம்' நாடகத்தைக் கே.பாலசந்தர் 1977இல் படமாக்கியபோது சினிமாவுக்கு வந்தார். அப்போதே வயது முப்பத்து மூன்று. அந்த வயதில் கதாநாயகர்கள் கல்லூரி மாணவர்களாக ஓடிக்கொண்டிருப்பார்கள். இவர் இரண்டே வருஷத்தில் 'பசி' படத்தில் ஷோபாவுக்கு அப்பா, ரிக்‌ஷாக்காரர். மாநில அரசு அதற்குச் சிறப்புப் பரிசு கொடுத்தது.

அவருடைய வேஷங்களை வரிசையாக நினைத்துப் பார்த்தால் எனக்கு ஒன்று படுகிறது. அவர் எப்போதும் இன்னொருவருக்குப் பக்கத்தில் நிற்கிறார். 1985இல் 'சிந்து பைரவி'யில் மிருதங்க வித்துவான் குருமூர்த்தி, குடித்துவிட்டுக் கச்சேரிக்கு வருகிறவர். பாடகர் அவரை அனுப்பிவிட்டு மிருதங்கம் இல்லாமலேயே பாடுகிறார். பக்கவாத்தியக்காரனுக்கு அதைவிடப் பெரிய தண்டனை இல்லை. 1987இல் 'நாயகன்' படத்தில் ஐயர். வேலு நாயக்கருக்கு இந்தி தெரியாது, பம்பாய்க்குத் தமிழ் தெரியாது. நடுவில் நின்று மொழிபெயர்த்துச் சொல்கிறவர் இவர். நான் அந்தப் படத்தை எத்தனை தடவை பார்த்திருப்பேன் என்று கணக்கில்லை. மொழிபெயர்ப்பவர் முதலில் கேட்க வேண்டும், கேட்டதில் எவ்வளவைச் சொல்வது என்று ஒரு நொடி நிறுத்த வேண்டும், பிறகு தன்னுடையது அல்லாத கோபத்தைத் தன் வாயால் சொல்ல வேண்டும். குணச்சித்திர நடிகரின் வேலையையே ஒரு பாத்திரமாக எழுதிவிட்ட மாதிரி இருக்கும் எனக்கு. டெல்லி கணேஷ் அதைத் துருத்திக்கொண்டு நிற்காமல் செய்தார்.

அப்புறம் 'மைக்கேல் மதன காமராஜன்', 1990. பாலக்காடு மணி ஐயர், சமையல்காரர். கல்யாணச் சாம்பாரில் மீன் விழுந்துவிட்டது. அந்தக் காட்சியின் சிரிப்பு முழுவதும் ஒரு ஆசாரமான சமையல்காரரின் உண்மையான கதிகலக்கத்திலிருந்து வருகிறது. சிரிப்பு வரவழைக்க அவர் எதுவும் செய்வதில்லை. ஒரு சாம்பார் அண்டா கெட்டுப்போனால் தன் வாழ்க்கை என்னாகும் என்று பயப்படுகிறார், அவ்வளவுதான். முந்தின வருஷம் இதே மனிதர் 'அபூர்வ சகோதரர்கள்' படத்தில் வில்லன்களில் ஒருவர் என்பதை நம்பவே கஷ்டமாக இருக்கும்.

'எங்கம்மா மகாராணி' என்று 1981இல் ஒரு படத்தில் கதாநாயகனாகவும் நடித்தார். அதற்குப் பிறகும் நாற்பது வருஷத்துக்கு மேல் அப்பா, மாமா, குமாஸ்தா, வக்கீல், அர்ச்சகர் என்று சினிமா, சீரியல், குறும்படம் எல்லாவற்றிலும் நடித்துக்கொண்டே இருந்தார். கதாநாயகனுக்குத் தொழில் என்பது படங்களின் எண்ணிக்கை, ஓடிய வாரங்கள். இவர்களுக்கு அது நாட்களின் எண்ணிக்கை. இந்தப் படத்தில் நாலு நாள், அந்தச் சீரியலில் மாதம் எட்டு நாள்.

இதை நான் புரிந்துகொண்டது அப்பா சாரின் டைரியிலிருந்து. அவர் செட்டுக்கு ஒரு பழைய சாம்பல் நிறப் பெட்டியோடு வருவார். சீரியலில் பெரும்பாலும் அவரவர் உடைதான். உள்ளே வேட்டி நாலு, வெள்ளைச் சட்டை மூன்று, கட்டம் போட்டது இரண்டு, ஏழை அப்பாவுக்கென்று காலர் தேய்ந்த சட்டை ஒன்று. அந்தக் காலரை அவர் பிளேடால் சுரண்டித் தேய்த்துவைத்திருந்தார். மூக்குக்கண்ணாடி மூன்று. லைட் அடித்தால் பளபளக்காமல் இருக்க ஒன்றில் கண்ணாடியே கிடையாது, வெறும் பிரேம். விபூதிச் சம்புடம். அடியில், எல்.ஐ.சி. கொடுத்த டைரி.

டைரியில் மனசில் பட்டதெல்லாம் எழுதியிருப்பார் என்று நினைத்தேன். ஒருநாள் அவரே பிரித்துக் காட்டினார். தேதி, இடம், கம்பெனி, எத்தனை சீன். அதற்குக் கீழே பொடி எழுத்தில்: "நீலக் கட்டம். இடது கை மட்டும் மடிப்பு, இரண்டு சுற்று. விபூதி மூன்று கோடு, குங்குமம் இல்லை. வாட்ச் கழற்றியாச்சு. செருப்போடு உள்ளே வந்தேன்." அடுத்த வரியில் சம்பளம், செக் வந்ததா என்று ஒரு சின்ன டிக். பல வரிகளில் டிக் இல்லை.

கன்டின்யூட்டி, அதாவது உடையும் பொட்டும் ஷாட்டுக்கு ஷாட் மாறாமல் பார்ப்பது, எங்கள் வேலை. ஒரு சீனின் பாதியை இன்று எடுப்போம், மீதியைப் பதினெட்டு நாள் கழித்து எடுப்போம். எங்களிடம் போட்டோ இருக்கும், அல்லது தொலைந்திருக்கும். அவர் டைரி தப்பியதே இல்லை. ஒருமுறை நான் சட்டைக் கையை இறக்கிவிடச் சொன்னேன். அவர் மறுத்துப் பேசவில்லை. டைரியைப் பிரித்து என்னிடம் நீட்டிவிட்டு வேறு பக்கம் பார்த்துக்கொண்டார், மற்றவர்கள் முன்னால் நான் தலைகுனியக் கூடாது என்று. பிறகு தனியாக வந்து, "மடிப்பு முக்கியமில்ல தம்பி. அவன் கையை மடிச்சப்போ கோபமா இருந்தான். மடிப்பைப் பார்த்தா எனக்கு அந்தக் கோபம் திரும்ப வரும்" என்றார். தான் நடிக்கும் அப்பாவை எப்போதும் 'அவன்' என்றுதான் சொல்வார்.

வயது விஷயத்தில் இந்தத் தொழில் ஆண்களை ஒரு மாதிரியும் பெண்களை வேறு மாதிரியும் நடத்துகிறது. ஆண் நடிகர் அப்பாவாகவே உள்ளே வந்து அப்பாவாகவே இருந்துவிடலாம். பெண்ணைப் பெரும்பாலும் கதாநாயகியாகக் கொண்டுவந்து, ஒரு நாள் காலையில் அம்மா நாற்காலியில் உட்கார வைத்துவிடுவார்கள். ஶ்ரீவித்யா 1975இல் 'அபூர்வ ராகங்கள்' படத்தில் கமல் காதலிக்கும் பாடகி, ரஜினிக்கு மனைவி. 1989இல் 'அபூர்வ சகோதரர்க'ளில் கமலுக்கு அம்மா, 1991இல் 'தளபதி'யில் ரஜினிக்கு அம்மா. ரஜினியைவிட அவர் வயதில் சின்னவர். வடிவுக்கரசி 'அருணாசலம்' படத்தில் ரஜினிக்குப் பாட்டி. அவரும் ரஜினியைவிடச் சின்னவர்தான். இது நியாயமே இல்லை, எத்தனை தடவை வேண்டுமானாலும் சொல்வேன். ஆனால் 'தளபதி'யில் ரயில் சத்தம் கேட்கும்போதெல்லாம் ஶ்ரீவித்யா முகத்தில் ஓடுகிற ஒன்று இருக்கிறதே, அதைப் பார்க்கும்போது வயதுக் கணக்கு மறந்துபோகிறது. அங்கேயும் அவர் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறார்.

பணத்தைப் பற்றி எழுதாமல் விட்டால் பொய்யாகிவிடும். நாள் சம்பளம். அதுவும் செக்காக, ஒரு மாதம் இரண்டு மாதம் கழித்து வரும். கதை திடீரென்று வேறு பக்கம் திரும்பினால் வேலை இல்லை, யாரும் சொல்லவும் மாட்டார்கள். நான் வேலை பார்த்த சீரியலில் ஒரு வெள்ளிக்கிழமை, அப்பா சாரின் புகைப்படத்தைப் பெரிதாகப் பிரின்ட் போட்டு வரச் சொன்னார்கள். ஆர்ட் டிபார்ட்மென்ட் அதற்கு ஃபிரேம் போட்டது. சந்தன மாலை வந்தது. ஹாலில் ஆணி அடித்தார்கள். அவருக்கு இன்னும் விஷயமே தெரியாது. மேனேஜர் சொல்வார் என்று டைரக்டர் நினைத்தார், டைரக்டர் சொல்லியிருப்பார் என்று மேனேஜர் நினைத்தார். கடைசியில் நான்தான் போன் செய்தேன். மறுமுனையில் கொஞ்ச நேரம் சத்தமில்லை. பிறகு, "எப்படிச் சாகிறான்?" என்று கேட்டார்.

"தூக்கத்துல சார். சீன் கிடையாது. வசனத்துலேயே சொல்லிடறாங்க."

"யார் சொல்றா?"

"பொண்ணு சார்."

"அந்தப் பொண்ணுகிட்ட நிதானமா சொல்லச் சொல்லு" என்றார். சம்பள பாக்கி பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. அந்தப் படம் அதே சுவரில் இரண்டு வருஷம் தொங்கியது. அதற்குக் கீழே நின்றுதான் எல்லாரும் அழுதார்கள், சபதம் போட்டார்கள். சுவரில் தொங்கும் நாட்களுக்குச் சம்பளம் கிடையாது. எனக்கு அது இன்றும் ஆறவில்லை. அந்தப் பாக்கியை வாங்கித் தர நானும் எவ்வளவோ அலைந்தேன், பாதிதான் வந்தது.

சீரியலில் பாத்திரம் நடிகரைவிட நீண்ட நாள் வாழும். 'அவருக்குப் பதில் இவர்' என்று அட்டை போட்டுவிட்டு மறுநாளே வேறு முகம் வந்து அதே மனைவியை அதட்டும். 2023 செப்டம்பர் 8ஆம் தேதி மாரிமுத்து சென்னையில் 'எதிர்நீச்சல்' தொடருக்கு டப்பிங் பேசிக்கொண்டிருந்தபோது மாரடைப்பு வந்து இறந்துபோனார். இரண்டு படங்களை இயக்கியவர், பல வருஷம் உதவி இயக்குநராக இருந்தவர். ஐம்பது வயதுக்கு மேல் ஆதி குணசேகரன் என்ற ஒரு வேஷத்தால் வீட்டுக்கு வீடு தெரிந்தவரானார். அந்தப் பாத்திரத்தைப் பிறகு வேல ராமமூர்த்தி ஏற்றார். டப்பிங் தியேட்டரில் என்ன நடக்கும் என்று தெரிந்தவர்களுக்கு அந்தச் செய்தி வேறு மாதிரி வலித்திருக்கும். இருட்டு. எதிரே திரையில் தன் முகம் வாயசைக்கிறது, சத்தமில்லாமல். தன் முகத்தையே எதிராளியாக வைத்துக்கொண்டு அதற்கு மூச்சைக் கொடுக்க வேண்டும். அவர் முகம் அந்தத் திரையில் ஓடிக்கொண்டே இருந்திருக்குமா என்று நான் நினைக்காமல் இருக்கப் பார்க்கிறேன், முடியவில்லை.

டப்பிங்கில் ஊறிய ஒருவருக்குச் சமீபத்தில் பெரிய மரியாதை கிடைத்ததில் எனக்கு மனசு நிறைந்தது. எம்.எஸ்.பாஸ்கர். மற்றவர்களுக்குக் குரல் கொடுத்துக்கொண்டிருந்தவர், 'சின்ன பாப்பா பெரிய பாப்பா'வில் பட்டாபியாக வீடுகளுக்குள் வந்தவர். 'பார்க்கிங்' படத்துக்காக 71வது தேசிய விருதில் சிறந்த துணை நடிகர். கார் நிறுத்தும் இடத்துக்காக அதே வீட்டில் குடிவந்தவரோடு மோதும் அரசு ஊழியர் வேஷம். காது கூர்மையான நடிகர் என்று அவர் பேசாமல் இருக்கும் இடங்களிலேயே தெரிந்துவிடும்.

நான் 2011இல் சீரியலை விட்டு விலகி விளம்பரப் படங்களுக்கு எழுதப் போய்விட்டேன். அப்பா சாரோடு போன் தொடர்பு மட்டும் விடவில்லை. பொங்கலுக்கும் தீபாவளிக்கும் பேசுவோம். கொரோனா நேரத்தில் படப்பிடிப்பு எல்லாம் நின்றது. திரும்பத் தொடங்கியபோதும் வயதானவர்களைக் கூப்பிடக் கம்பெனிகள் தயங்கின. அசோக் நகர் வீட்டில் பெட்டியைத் தூசி தட்டித் தட்டி வைத்துக்கொண்டிருந்தார் என்று அவர் மனைவி சொன்னார்.

2022இல் ஒரு ராத்திரி ஒன்பது மணிக்கு அவரிடமிருந்து வாட்ஸ்அப்பில் இரண்டு போட்டோ. சீன் பேப்பர். பின்னாலேயே போன் வந்தது. ஒரு சினிமாவில் ஒரு நாள் வேலையாம். பக்கவாதத்தில் படுத்திருக்கும் அப்பா. வெளியூரிலிருந்து வந்த மகன் பக்கத்தில் உட்கார்ந்து இரண்டு பக்கத்துக்குப் பேசுகிறான். அப்பாவுக்கு வசனம் இல்லை. கையோ தலையோ அசையாது. கண் மட்டும்.

"வீட்ல படிக்க யாரும் இல்லையா சார்?"

"அவளைப் படிக்கச் சொன்னா அழுதுடறா. நீதான் ஒழுங்கா படிப்பே. ஏற்ற இறக்கம் வேண்டாம். எதிராளி வசனத்தைப் படி."

ஸ்பீக்கரில் போட்டு, போட்டோவைப் பெரிதாக்கி வைத்துக்கொண்டு படித்தேன். பணம் அனுப்பியது, அனுப்பாதது, அம்மா சாவுக்கு வர முடியாமல் போனது என்று மகன் எதையெதையோ சொல்கிறான். அந்தப் பக்கம் அவர் மூச்சு மட்டும் கேட்டது. இரண்டாம் பக்கத்தில், "நீ கூப்பிட்டிருந்தா வந்திருப்பேன்பா" என்று ஒரு சாதாரண வரி. அந்த இடத்தில் மூச்சுச் சத்தம் நின்றது. நான் அடுத்த வரிக்குப் போகலாமா என்று தெரியாமல் நிறுத்தினேன். கொஞ்சம் கழித்து மூச்சு திரும்ப வந்தது, முன்பைவிட மெதுவாக. மீதியைப் படித்து முடித்தேன்.

இரண்டு பேரும் பேசவில்லை. தெருவில் ஏதோ வண்டி போகிற சத்தம் அவர் பக்கத்திலிருந்து கேட்டது.

"ஒன் மோர் போலாமா தம்பி?" என்றார்.

நான் முதல் பக்கத்துக்குத் திரும்பி, முதல் வரியிலிருந்து ஆரம்பித்தேன்.